லிபுலேக் கணவாய்: உப்பு போன வழி, கயிலை போகும் வழி – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கயிலாய யாத்திரை பற்றிப் பேச்சு வந்தாலே லிபுலேக் என்ற பெயரும் கூடவே வந்துவிடும். ஆனால் பலருக்கு அது யாத்திரை அட்டவணையில் ஒரு நாள் மட்டும்தான்: விடியற்காலையில் ஏறினோம், கடந்தோம், அடுத்த பக்கம் பேருந்து நின்றது. அந்தக் கணவாயை நம்பிப் பல தலைமுறைகள் வாழ்ந்த ஊர்கள் இருக்கின்றன. அவர்கள் போட்ட தடத்தில்தான் பக்தர்களும் நடந்தார்கள். அதனால் இங்கே வணிகத்துக்கும் யாத்திரைக்கும் சேர்த்தே பதில் எழுதியிருக்கிறேன்.

லிபுலேக் எங்கே இருக்கிறது?

உத்தராகண்ட் மாநிலம், பித்தோராகட் மாவட்டத்தின் வடகிழக்கு மூலையில், வியாஸ் பள்ளத்தாக்கின் உச்சியில். கணவாயைத் தாண்டினால் திபெத்தின் புராங் வட்டாரம். அங்கே முதலில் வரும் பெரிய ஊர் தக்லாகோட். இந்தியா, நேபாளம், திபெத் மூன்றும் சந்திக்கும் இடம் பக்கத்திலேயே இருக்கிறது. இன்றைய எல்லைச் சிக்கலுக்கு இதுவே அடிப்படை. அதைப் பின்னால் விரிவாகப் பார்ப்போம்.

எவ்வளவு உயரம்?

ஐந்தாயிரம் மீட்டருக்கு மேல். அளவைக்கு அளவை எண் கொஞ்சம் மாறும். சுமார் 17,000 அடி என்று மனத்தில் வைத்துக்கொண்டால் போதும். தார்ச்சுலா நகரம் ஆயிரம் மீட்டருக்கும் கீழே, காளி ஆற்றங்கரையில் இருக்கிறது. அங்கிருந்து குஞ்சி சுமார் 3,200 மீட்டர், காலாபானி சுமார் 3,600, நாபிடாங் சுமார் 4,200, அதற்குமேல் கணவாய். தக்லாகோட் ஏறத்தாழ 4,000 மீட்டர் உயரத்தில் இருப்பதால் மறுபக்கம் இறங்க வேண்டியது குறைவு.

கணவாயின் தென்பக்கம் விழும் நீர் காளி ஆற்றில் சேர்கிறது. வடபக்கம் விழுவது தக்லாகோட் வழியாக கர்ணாலி ஆகிறது. கர்ணாலி மேற்கு நேபாளம் வழியாகச் சுற்றிக்கொண்டு வந்து காக்ரா என்ற பெயரில் உத்தரப் பிரதேச சமவெளியில் ஓடும்போது, சாரதா என்று பெயர் மாறிய காளி அதில் போய்ச் சேர்கிறது. மேலே பிரிந்த நீர் கீழே மறுபடி ஒன்றாகிவிடுகிறது.

இமயமலை முழுக்கக் கணவாய்கள் இருக்க, இதை ஏன் இவ்வளவு பேர் பயன்படுத்தினார்கள்?

உத்தராகண்டின் குமாவுன் பகுதியிலிருந்து திபெத்துக்குப் போகும் வழிகளில் இது ஏற எளிதானது. மற்ற சில வழிகளில் ஒன்றுக்கு மேற்பட்ட உயரமான கணவாய்களை அடுத்தடுத்து தாண்ட வேண்டும். இங்கே ஒரே ஏற்றம், ஒரே இறக்கம். இறங்கிய அன்றே தக்லாகோட் சந்தைக்குப் போய்விடலாம். அங்கிருந்து மானசரோவர் ஏரியும் தூரமில்லை. வணிகருக்கும் பக்தருக்கும் ஒரே பாதை வசதியாக அமைந்த காரணம் இதுதான்.

இந்தப் பாதையின் சொந்தக்காரர்கள் யார்?

சட்டப்படி யார் என்பதை அரசுகள் பேசட்டும். வாழ்க்கையை வைத்துப் பார்த்தால் ரங் மக்கள். வெளியார் இவர்களை போட்டியா என்று பொதுவாகச் சொல்வார்கள். அரசுப் பட்டியலிலும் அந்தப் பெயர்தான், 1967 முதல் பழங்குடியினர். வியாஸ், சௌதான்ஸ், தார்மா என்ற மூன்று பள்ளத்தாக்குகளில் இவர்கள் ஊர்கள் இருக்கின்றன. லிபுலேக் வழியில் வருபவை வியாஸ் பள்ளத்தாக்கின் ஊர்கள்: பூதி, கர்ப்யாங், குஞ்சி, நாபி, ரோங்காங், நபல்ச்சு, குட்டி. ஆற்றுக்கு அந்தப் பக்கம் நேபாளத்தில் சாங்ரு, திங்கர் என்ற இரண்டு ஊர்களும் இதே சமூகத்தினுடையவை. காளி ஆறு நாடுகளைப் பிரிக்கிறது, உறவினர்களைப் பிரிக்கவில்லை.

கோடையில் மேலே தம் ஊர்களில் விவசாயமும் திபெத் வணிகமும். பனி விழத் தொடங்கியதும் குடும்பம், ஆடு, குதிரை எல்லாவற்றோடும் கீழே தார்ச்சுலாவுக்கு இறங்கிவிடுவார்கள். வருடத்துக்கு இரண்டு வீடு. இந்த இடப்பெயர்வு இன்றும் தொடர்கிறது. வாழ்க்கையே இப்படி மேலும் கீழும் நகர்ந்துகொண்டிருந்ததால் சரக்கை நகர்த்துவது அவர்களுக்குக் கைவந்த தொழிலானது.

தமிழ் வாசகர்களுக்கு ஒரு செய்தி. சௌதான்ஸ் பகுதியில் 12 ஆண்டுக்கு ஒருமுறை கங்டாலி என்று ஒரு திருவிழா நடக்கும். அதே பெயருள்ள செடி பூக்கும் ஆண்டில், பெண்கள் முன்னே நின்று அந்தச் செடியை வெட்டி வீழ்த்துவார்கள். தாவரவியல்படி அந்தச் செடி நம் நீலக்குறிஞ்சியின் பேரினத்தைச் சேர்ந்தது.

என்னென்ன சரக்கு போனது, வந்தது?

திபெத்திலிருந்து முதலில் உப்பு. அங்குள்ள உப்பு ஏரிகளில் எடுத்தது. அடுத்து ஆட்டு ரோமம், பஷ்மினா, வெண்காரம், ஆடு, குதிரை, யாக் வால். இந்தக் கடைசிப் பொருளைப் பார்த்து ஆச்சரியப்பட வேண்டாம். கோயில்களில் சுவாமிக்கு வீசும் வெண்சாமரம் அதில்தான் செய்வார்கள்.

இங்கிருந்து அரிசி, கோதுமை, பார்லி, வெல்லம், கற்கண்டு, துணி, புகையிலை, பாத்திரம். மேற்குத் திபெத்தில் தானியம் விளைவது குறைவு. குமாவுன் மலையில் உப்பு கிடையாது. இந்த இரண்டு குறைகள்தான் வணிகத்தின் அடித்தளம். பணம் அதிகம் புழங்கவில்லை. இவ்வளவு தானியத்துக்கு இவ்வளவு உப்பு என்று பண்டமாற்றாகவே நடந்தது.

அந்த உயரத்துக்குச் சுமையை எப்படிக் கொண்டுபோனார்கள்?

பெரும்பாலும் ஆடுகள் மேல். செம்மறியும் வெள்ளாடும் முதுகின் இருபுறமும் தொங்கும் சிறிய பைகளைச் சுமந்தன. ஓர் ஆடு பத்து கிலோ அளவுக்குத்தான் சுமக்கும், ஆனால் மந்தையில் நூற்றுக்கணக்கில் இருக்கும். ஆட்டுக்குத் தீனி தனியாகக் கொண்டுபோக வேண்டாம், வழியில் மேய்ந்துகொண்டே போகும். குதிரை கால் வைக்கத் தயங்கும் பாறை விளிம்பிலும் ஆடு நடந்துவிடும். பெரிய சுமைக்குக் கோவேறு கழுதை, திபெத் பக்கம் யாக், ஜுப்பு எனப்படும் யாக்–மாட்டுக் கலப்பினம்.

போன இடத்தில் ரோமத்தை வாங்கி, குளிர்காலத்தில் கீழே உட்கார்ந்து நூற்று, கம்பளியும் தரைவிரிப்பும் நெய்வார்கள். நெசவு பெண்களின் கையில் இருந்தது. வீட்டு வருமானத்தில் அவர்கள் பங்கு பெரியது. பழைய யாத்திரைக் குறிப்புகளில் வியாபாரம் செய்த ஆண்களைப் பற்றி நிறைய இருக்கும், தறியில் உட்கார்ந்த பெண்களைப் பற்றிக் குறைவாகவே இருக்கும். அந்தக் குறையை நாமாவது தொடரக் கூடாது என்று நினைக்கிறேன்.

வேறு நாடு, வேறு மொழி. எதை நம்பி வியாபாரம் செய்தார்கள்?

ஆளை நம்பி. ஒவ்வொரு வணிகக் குடும்பத்துக்கும் திபெத்தில் குறிப்பிட்ட ஒரு கூட்டாளிக் குடும்பம் இருந்தது. அந்த உறவை மித்ரர் என்ற முறையில் சடங்கு செய்து உறுதிப்படுத்திக்கொள்வார்கள். அப்பா காலத்து மித்ரரின் மகன் இவர் மகனுக்கு மித்ரர். விலை பேசுவதும் கடன் கொடுப்பதும் அந்த வட்டத்துக்குள் நடந்தது. அடுத்த வருடம் தருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனால் அடுத்த வருடம் வந்து தந்தார்கள்.

மொழியும் பெரிய தடையில்லை. ரங் மக்களின் பேச்சு திபெத்திய–பர்மியக் குடும்பத்தைச் சேர்ந்தது. வணிகம் செய்பவர்கள் திபெத்திய மொழியும் பேசினார்கள், கீழே குமாவுனியும் இந்தியும் பேசினார்கள். தக்லாகோட்டில் ஜோங்பென் என்ற திபெத்திய அதிகாரி இருந்தார், அவருக்கு வரி கட்ட வேண்டும்.

இந்த வணிகம் எப்போது நின்றது?

1954 ஏப்ரல் 29 அன்று இந்தியாவும் சீனாவும் திபெத்துடனான வணிகம் பற்றி ஓர் ஒப்பந்தம் செய்தன. பஞ்சசீலக் கொள்கையை முன்னுரையில் கொண்ட அதே ஒப்பந்தம். வணிகரும் யாத்ரீகரும் போய்வரலாம் என்று ஆறு கணவாய்களை அது பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது: ஷிப்கி லா, மானா, நீத்தி, குங்ரி பிங்ரி, தார்மா, லிபுலேக். காலம் எட்டு ஆண்டு. 1962-ல் அது புதுப்பிக்கப்படாமல் முடிந்தது. அதே ஆண்டு போர் வந்தது. கணவாய் மூடப்பட்டது.

அதன் விளைவைக் கர்ப்யாங் ஊரில் பார்க்கலாம். ஒரு காலத்தில் இந்த வழியின் செல்வம் மிகுந்த ஊர். மரச்சிற்பம் செதுக்கிய கதவுகளும் சன்னல்களும் கொண்ட மாடி வீடுகள். நிலம் மெதுவாகச் சரிந்து அமிழ்வதால் மூழ்கும் ஊர் என்ற பெயரும் அதற்கு உண்டு. நிலச்சரிவு ஒரு காரணம், வணிகம் போனது இன்னொரு காரணம், பல குடும்பங்கள் நிரந்தரமாகக் கீழே இறங்கிவிட்டன. ஆட்டு மந்தைகள் குறைந்தன. இளைஞர்கள் படித்து அரசுப் பணிக்குப் போனார்கள். பழங்குடி ஒதுக்கீடு அதற்கு உதவியது. அந்தச் சமூகம் அழிந்துவிடவில்லை, நன்றாகவே எழுந்து நின்றது. ஆனால் ஒரு தொழிலும் அதற்கான அறிவும் ஒரே தலைமுறையில் கைவிட்டுப் போயின.

மறுபடி திறந்தார்களா?

திறந்தார்கள், முப்பது ஆண்டு கழித்து. 1991 டிசம்பரில் இரு அரசுகளும் ஒப்புக்கொண்டு, 1992-ல் லிபுலேக் வழியாக எல்லை வணிகம் தொடங்கியது. 1962-க்குப் பின் திறந்த முதல் எல்லை வணிகப் பாதை இதுதான். ஷிப்கி லா அடுத்து வந்தது, சிக்கிமின் நாது லா 2006-ல்.

முறை இப்படி: கோடையில் சில மாதங்கள் மட்டும் பருவம். உள்ளூர் வணிகர்களுக்குத் தார்ச்சுலா நிர்வாகம் வணிக அனுமதிச் சீட்டு கொடுக்கும். குஞ்சியில் சுங்கச் சாவடியும் வணிக மையமும். எந்தெந்தப் பொருள் போகலாம், வரலாம் என்று பட்டியல் உண்டு. அந்தப் பட்டியலில் யாக் வால், வெண்காரம், ஆடு, உப்பு என்று பழைய சரக்குகள் அப்படியே இருந்தன. நடைமுறையில் அங்கிருந்து வந்தவை பெரும்பாலும் போர்வை, ஜாக்கெட், காலணி போன்றவை. இங்கிருந்து வெல்லம், கற்கண்டு, துணி.

பழைய வணிகத்தின் அளவு திரும்பி வரவில்லை. உப்புக்காக யாரும் இனி மலை ஏற வேண்டியதில்லை, ரயிலில் வந்த கடல் உப்பு அந்தத் தேவையை எப்போதோ தீர்த்துவிட்டது. ஆனால் மித்ரர் குடும்பங்களை மறுபடி சந்திக்க வழி கிடைத்தது. அதன் மதிப்பைச் சுங்கக் கணக்கில் காண முடியாது.

இப்போது வணிகம் நடக்கிறதா?

2019 பருவத்தோடு நின்றது. 2020-ல் கொரோனாவும் லடாக் எல்லை மோதலும் சேர்ந்து எல்லாவற்றையும் நிறுத்திவிட்டன. அடுத்த வருடம் வந்து விற்றுக்கொள்ளலாம் என்று தக்லாகோட் கிடங்குகளில் சரக்கைப் பூட்டிவிட்டு வந்த வணிகர்கள் பல ஆண்டுகள் அதைப் பார்க்கவே முடியவில்லை. எல்லை மூடல் என்று நாம் ஒரு வரியில் படிக்கும் செய்தி ஒரு சிறு வியாபாரிக்கு என்ன செய்கிறது என்பதற்கு இதைவிட எடுத்துக்காட்டு வேண்டாம்.

2025 ஆகஸ்டில் சீன வெளியுறவு அமைச்சர் வாங் யி டெல்லி வந்தபோது லிபுலேக், ஷிப்கி லா, நாது லா மூன்றையும் வணிகத்துக்கு மறுபடி திறக்க இரு நாடுகளும் ஒப்புக்கொண்டன. பருவத்துக்குப் பருவம் நிலைமை மாறும் என்பதால், வணிகம் தொடர்பாகப் போகிறவர்கள் தார்ச்சுலா துணை ஆட்சியர் அலுவலகத்தில் விசாரித்துக்கொள்வதே சரி.

யாத்ரீகர்கள் எவ்வளவு காலமாக இந்த வழியில் போகிறார்கள்?

வணிகர்கள் போன காலம் முதலே என்று சொல்லலாம். கயிலையும் மானசரோவரும் இந்துக்களுக்கு மட்டும் உரியவை அல்ல. பௌத்தர்களுக்கும், திபெத்தின் பழைய பொன் சமயத்தாருக்கும், சமணர்களுக்கும் புனிதமானவை. ரிஷபதேவர் முக்தி அடைந்த அஷ்டாபதம் அங்கே இருப்பதாகச் சமணர் நம்பிக்கை. பொன் சமயத்தார் மலையை இடமாகச் சுற்றுவார்கள், இந்துக்களும் பௌத்தர்களும் வலமாக.

சாலை இல்லாத காலத்தில் குமாவுனின் அல்மோரா நகரிலிருந்தே நடை. போய்வர மாதக்கணக்கில் ஆகும். வழியில் தங்க இடம், சுமை தூக்க ஆள், மட்டக்குதிரை, திபெத்தில் பேச மொழிபெயர்ப்பாளர், திருடரிடமிருந்து பாதுகாப்பு என்று எல்லாமே ரங் வணிகர்கள் மூலம் கிடைத்தன. கர்ப்யாங்கில் தங்கி, வணிகக் கூட்டத்தோடு சேர்ந்து கணவாய் கடப்பது வழக்கம். வணிகம் இல்லாமல் அந்தக் கால யாத்திரை நடந்திருக்காது. பக்திக் கதைகளில் இந்த வரி பெரும்பாலும் விடுபட்டுப்போகிறது.

தமிழர்களுக்கும் இந்த வழிக்கும் தொடர்பு உண்டா?

கயிலைக்கு உண்டு, அதுவும் ஆழமாக. நொடித்தான்மலை என்று தேவாரத்தில் வருவது கயிலைதான். பாடல் பெற்ற வடநாட்டுத் தலங்களில் ஒன்று. அப்பர் முதிய வயதில் கயிலை நோக்கிப் போய், கால் தேய்ந்து, கை தேய்ந்து, மார்பால் ஊர்ந்து, கடைசியில் ஒரு பொய்கையில் மூழ்கித் திருவையாற்றில் எழுந்து கயிலைக் காட்சி கண்டதைப் பெரியபுராணம் சொல்கிறது. திருவையாற்றில் ஆடி அமாவாசை அன்று அந்தக் கயிலைக் காட்சி விழா இன்றும் நடக்கிறது. அப்பர் எந்தக் கணவாயைத் தேடிப் போனார் என்று புராணம் சொல்லவில்லை. லிபுலேக் என்று எழுதும் பதிவுகளை நம்ப வேண்டாம்.

வரலாற்றுக் காலத்தில் தெளிவான ஒரு தொடர்பு உண்டு. பத்தமடையில் பிறந்து ரிஷிகேசத்தில் வாழ்ந்த சுவாமி சிவானந்தர் 1931-ல் அல்மோராவிலிருந்து நடந்து கயிலை போய்வந்தார்.

1962-க்குப் பின் யாத்திரை எப்போது தொடங்கியது?

1981-ல். வணிகத்துக்குப் பதினோரு ஆண்டு முன்பே பக்தர்களுக்குக் கதவு திறந்தது. அன்றிலிருந்து வெளியுறவு அமைச்சகம் நடத்துகிறது. மலையில் முகாம், உணவு, வண்டி ஏற்பாடு குமாவுன் மண்டல் விகாஸ் நிகம் என்ற உத்தராகண்ட் அரசு நிறுவனம். பாதுகாப்பும் மருத்துவமும் இந்தோ–திபெத் எல்லைக் காவல் படை. 2020 முதல் ஐந்து ஆண்டு நின்று, 2025 கோடையில் மறுபடி தொடங்கியது. அந்த ஆண்டு லிபுலேக் வழியாக ஐம்பது பேர் கொண்ட ஐந்து குழுக்கள் சென்றன.

விண்ணப்பிக்க என்ன தகுதி?

இந்தியக் குடியுரிமை, செல்லுபடியாகும் கடவுச்சீட்டு, வயது 18 முதல் 70 வரை, உடல் நிறைக் குறியீட்டெண் 25-க்குள். வெளியுறவு அமைச்சகத்தின் யாத்திரை இணையதளத்தில் விண்ணப்பம். கணினிக் குலுக்கலில் பெயர் வர வேண்டும். வந்தாலும் டெல்லியில் ஒரு மருத்துவப் பரிசோதனை, குஞ்சியில் இன்னொன்று. இரண்டாவதில் தேறாதவர்களைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். அழுது கெஞ்சினாலும் மாற்ற மாட்டார்கள், மாற்றவும் கூடாது. இதய நோய், ஆஸ்துமா, கட்டுக்குள் இல்லாத ரத்த அழுத்தம் இருப்பவர்கள் மறைத்துப் போக வேண்டாம்.

செலவு 2025-ல் இந்த வழிக்குச் சுமார் 1.74 லட்சம் ரூபாய், 22 நாள். தமிழ்நாட்டைச் சேர்ந்தவர்களுக்கு அரசின் மானசரோவர் யாத்திரை மானியம் இருக்கிறது, யாத்திரை முடித்து வந்தபின் விண்ணப்பிப்பது. தொகையும் நிபந்தனையும் ஆண்டுக்கு ஆண்டு இந்து சமய அறநிலையத் துறை அறிவிக்கும்.

கணவாய் கடக்கும் நாள் எப்படி இருக்கும்?

நாபிடாங்கில் தங்கிவிட்டு விடியலுக்கு வெகு முன்பே புறப்படுவார்கள். மதியத்துக்குமேல் மேலே காற்று தாங்க முடியாத வேகத்தில் வீசும், மேகமும் வந்துவிடும். இன்னொரு காரணம், மறுபக்கம் சீன அதிகாரிகள் குறித்த நேரத்தில் காத்திருப்பார்கள். அவர்கள் கடிகாரம் பெய்ஜிங் நேரம், நம்மைவிட இரண்டரை மணி முந்தியது. போகிற குழுவும் திரும்புகிற குழுவும் பெரும்பாலும் கணவாயிலேயே சந்திக்கும். எதிரே வருபவர்கள் கயிலையைப் பார்த்துவிட்டு வருபவர்கள். அந்தச் சில நிமிடங்களைப் பலர் யாத்திரையிலேயே மறக்க முடியாத நேரம் என்று சொல்வதில் வியப்பில்லை.

மேலே நின்றால் வடக்கே 7,694 மீட்டர் உயரமுள்ள குர்லா மாந்தாதா தெரியும். கயிலை அங்கிருந்து தெரியாது. பக்கத்தில் பழைய லிபுலேக் எனப்படும் மேட்டிலிருந்து வானம் தெளிந்தால் தெரியும்.

இப்போது சாலை வந்துவிட்டதே, நடக்க வேண்டாமா?

எல்லைச் சாலை அமைப்பு போட்ட சுமார் 80 கிலோமீட்டர் சாலை 2020 மே 8 அன்று திறக்கப்பட்டது. முன்பு சிர்க்கா, காலா, பூதி என்று நாள் கணக்கில் நடந்த தூரத்தை இப்போது ஜீப்பில் ஒரே நாளில் குஞ்சிக்குக் கடந்துவிடலாம். கணவாய்க்கு அருகே வரை வண்டி போகிறது, கடைசித் துண்டுதான் நடை. திபெத்தில் கயிலையைச் சுற்றும் 52 கிலோமீட்டர் மட்டும் அப்படியே இருக்கிறது. அதில் 5,630 மீட்டர் உயரமுள்ள டோல்மா லா கணவாயைக் கடக்க வேண்டும்.

சாலையால் ஊர்க்காரர்களுக்கு நன்மை அதிகம். நோயாளியை டோலியில் தூக்கிக்கொண்டு இறங்க வேண்டிய நிலை போய்விட்டது, அரிசி மூட்டை விலை குறைந்தது. அதை யாரும் குறை சொல்லக் கூடாது. ஆனால் யாத்ரீகர் உடம்புக்குச் சாலை ஓர் ஆபத்தைக் கொண்டுவந்திருக்கிறது. நடந்து ஏறியபோது உடம்பு தானாகப் பழகியது. இப்போது ஆயிரம் மீட்டருக்குக் கீழே காலை உணவு, 3,200 மீட்டரில் இரவு உணவு. கணவாயில் காற்றழுத்தம் கடல்மட்டத்தில் இருப்பதில் பாதியளவுதான். அதனால் குஞ்சியில் கூடுதலாகத் தங்கச் சொன்னால் முணுமுணுக்காதீர்கள், அந்த நாள்தான் உங்களைக் காப்பாற்றும்.

உயரத்தால் வரும் நோயை எப்படி அடையாளம் காண்பது?

தலைவலி, குமட்டல், பசியின்மை, தூக்கம் வராமை என்று தொடங்கும். இந்த நிலையில் மேலே ஏறாமல் ஓய்வெடுத்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்குவது, நுரையோடு இருமல், உதடு நீலமாவது, நேர்க்கோட்டில் நடக்க முடியாமல் தள்ளாடுவது, பேச்சு குழறுவது – இவை உயிருக்கு ஆபத்தான அறிகுறிகள். ஒரே மருந்து கீழே இறங்குவது. உடனே, இரவானாலும். ஆக்சிஜன் கொடுக்கலாம், ஆனால் அது இறங்கும்வரை தாங்குவதற்குத்தான். உயர நோயைத் தடுக்கத் தரும் அசிட்டசோலமைடு மாத்திரையை மருத்துவரிடம் கேட்காமல் எடுக்காதீர்கள். நிறையத் தண்ணீர், மெதுவான நடை, மது கூடவே கூடாது. வாட்டசாட்டமான இளைஞர்களுக்கும் வேகமாக ஏறும் ஆசையால் வருவதுண்டு.

மால்பாவில் என்ன நடந்தது?

1998 ஆகஸ்டில், கனமழைக்குப் பின் ஓர் இரவில், காளி ஆற்றோரம் இருந்த மால்பா என்ற சிற்றூர் மேல் மலை சரிந்து விழுந்தது. இருநூறுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். அவர்களில் கயிலாய யாத்ரீகர்கள் சுமார் அறுபது பேர், நடனக் கலைஞர் புரோதிமா பேடி அவர்களில் ஒருவர். மற்றவர்கள் ஊர்க்காரர்கள், சுமைதூக்கிகள், குதிரைக்காரர்கள், முகாம் ஊழியர்கள். செய்திகளில் யாத்ரீகர் பெயர்களே திரும்பத் திரும்ப வந்தன. அந்த வழியில் போகும்போது மற்றவர்களையும் நினைத்துக் கும்பிட்டுவிட்டுப் போங்கள்.

ஆபத்து இன்றும் இருக்கிறது. இது இளம் மலை, பாறை உடைந்த நிலையில்தான் இருக்கும். சாலைக்காகச் செங்குத்தாக வெட்டிய சரிவுகள் மழையில் இளகும். சூலை, ஆகஸ்டில் வழி அடைபட்டு இரண்டு மூன்று நாள் காத்திருக்க நேர்வது சாதாரணம். விமானச் சீட்டை அதற்கு இடம் விட்டுப் பதிவு செய்யுங்கள்.

நேபாளம் ஏன் எதிர்ப்புத் தெரிவிக்கிறது?

ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கும் நேபாளத்துக்கும் நடந்த போருக்குப் பின் சுகௌலி ஒப்பந்தம் 1816-ல் உறுதியானது. காளி ஆறு நேபாளத்தின் மேற்கு எல்லை என்றது. சரி, காளி ஆறு எங்கே பிறக்கிறது? மேலே இரண்டு பெரிய ஓடைகள் குஞ்சி அருகே சேர்கின்றன. லிம்பியாதுராவிலிருந்து வரும் மேற்கு ஓடைதான் உண்மையான காளி என்கிறது நேபாளம். அப்படியானால் குஞ்சி, காலாபானி, லிபுலேக் எல்லாம் நேபாளத்தில் வரும். காலாபானிப் பக்கத்திலிருந்து வருவதுதான் காளி என்கிறது இந்தியா. நிர்வாகமும் படைகளும் நீண்ட காலமாக இந்தியாவினுடையவை.

2015-ல் இந்தியாவும் சீனாவும் லிபுலேக் வணிகத்தை வளர்ப்பதாக அறிவித்தபோது நேபாளம் எதிர்த்தது. 2020-ல் சாலை திறந்ததும் அந்தப் பகுதியைச் சேர்த்துப் புதிய வரைபடம் வெளியிட்டு, அரசியல் சாசனத்தையும் திருத்தியது. 2025 ஆகஸ்ட் அறிவிப்புக்கும் எதிர்ப்புத் தெரிவித்தது, இந்தியா அதை ஏற்கவில்லை.

இரு பக்கமும் கோபமாகப் பேசும்போது எனக்குக் கவலை சாங்ரு, திங்கர் ஊர்க்காரர்களைப் பற்றியது. அவர்கள் தம் நாட்டின் மாவட்டத் தலைநகருக்குப் போகவே இந்தியப் பக்கத்துப் பாதையைப் பயன்படுத்தி வந்தவர்கள். தார்ச்சுலாவில் காளி மேல் இருக்கும் தொங்குபாலத்தில் கடவுச்சீட்டு இல்லாமலே இரு பக்கத்தாரும் போய்வருகிறார்கள், பெண் கொடுத்துப் பெண் எடுக்கிறார்கள். எந்தத் தீர்வு வந்தாலும் இந்தப் பழக்கம் கெடாமல் வர வேண்டும்.

நாது லா வழியா, லிபுலேக் வழியா?

நாது லா வழி 2015-ல் திறந்தது. கயிலையைச் சுற்றும் நடை தவிரப் பெரும்பாலும் வண்டிப் பயணம், செலவு அதிகம். 2017-ல் இந்திய–சீனப் படைகள் எதிர்நின்ற டோக்லாம் பிரச்சினையில் அது நின்றபோதும் லிபுலேக் வழி நடந்தது. நடக்கக் கடினமானவர்களுக்கு நாது லா. மலையையும் ஊர்களையும் பார்க்க விரும்பினால் லிபுலேக். என் விருப்பம் இரண்டாவது.

குலுக்கலில் பெயர் வராவிட்டால் இந்தப் பக்கமாவது பார்க்கலாமா?

தாராளமாக. இந்தியக் குடிமக்கள் தார்ச்சுலாவில், எல்லைப் பகுதிக்குள் போகத் தேவையான உள்கோட்டு அனுமதி (Inner Line Permit) வாங்கி குஞ்சி, காலாபானி, நாபிடாங் வரை போகலாம். நாபிடாங்கிலிருந்து ஓம் பர்வதம், பனி ஓம் எழுத்து வடிவில் படிந்த மலை. குட்டி ஊர் தாண்டி ஜோலிங்காங்கில் ஆதி கயிலாச மலையும் பார்வதி குளமும். பழைய லிபுலேக் மேட்டிலிருந்து கயிலையைக் காண 2024 அக்டோபரில் முதல் குழுவை அழைத்துச் சென்றார்கள். அதற்கு அனுமதி உள்ள நாட்களை நிகம் அலுவலகத்தில் கேட்க வேண்டும்.

மே, சூன் அல்லது மழை விட்ட செப்டம்பர் கடைசி, அக்டோபர் நல்ல காலம். மழைக்காலத்தைத் தவிருங்கள்.

எங்கே தங்குவது?

நிகம் முகாம்கள் உண்டு. ஆனால் முடிந்தால் நாபி, குஞ்சி, குட்டி ஊர்களில் வீட்டுத் தங்கலைத் தேர்ந்தெடுங்கள். பணம் நேராக அந்தக் குடும்பத்துக்குப் போகும். குட்டு எனப்படும் பக்வீட் மாவு ரொட்டி, உப்பும் வெண்ணெயும் போட்ட தேநீர் கிடைக்கும். பெரியவர்கள் இருந்தால் தக்லாகோட் சந்தையைப் பற்றிக் கேளுங்கள், அவர்களின் அப்பா, தாத்தா ஆட்டு மந்தையோடு போன கதை வரும். அவர்கள் கம்பளி விற்றால் பேரம் பேசாமல் வாங்குங்கள்.

கடைசியாக, கையில் என்ன இருக்க வேண்டும்?

அடையாள அட்டை, அதன் நகல்கள், புகைப்படங்கள். ரொக்கம் போதுமான அளவு, தார்ச்சுலாவைத் தாண்டினால் ஏடிஎம் இயந்திரத்தையும் தொலைபேசிப் பணப் பரிமாற்றத்தையும் நம்ப வேண்டாம். காற்றுப் புகாத மேல்சட்டை, கம்பளித் தொப்பி, இரண்டு ஜோடிக் கையுறை, பனியில் கண் கூசாத நல்ல குளிர்கண்ணாடி. வழக்கமாகச் சாப்பிடும் மாத்திரைகள் திட்டமிட்டதைவிட ஒரு வாரத்துக்குக் கூடுதலாக. காலாபானிக்கு மேல் படை முகாம்களையும் பாலங்களையும் படம் எடுக்கத் தடை, காவலர் சொன்னால் உடனே கேட்டுக்கொள்ளுங்கள். பிளாஸ்டிக் உறைகளைக் கீழே திருப்பி எடுத்து வர ஒரு துணிப்பை வைத்துக்கொள்ளுங்கள், மேலே குப்பை அள்ள ஆளில்லை.